அம்ஷன் குமார்

தமிழ்த் திரைப்பட, ஆவணப்பட இயக்குநர், சினிமா விமர்சகர். கேமராவுக்கு முன் பேனாவைக் கையில் எடுத்தவர். இவருடைய ‘சினிமா ரசனை’ 1990இல் வெளிவந்தது. படம் பார்ப்பதையே ஒரு பயிற்சியாகச் சொல்லித்தரும் நூல்கள் தமிழில் அன்று அரிது. ஆவணப்படங்களில் சுப்பிரமணிய பாரதி (1999), சி.வி. ராமன், அசோகமித்திரன், வங்க நாடகக்காரர் பாதல் சர்க்கார் என்று இலக்கியம், அறிவியல், நாடகம் எல்லாவற்றையும் தொட்டார்.

முதல் கதைப்படம் ‘ஒருத்தி’ (2003). கோவில்பட்டியை அடுத்த இடைசெவலில் பிறந்த கி. ராஜநாராயணனின் ‘கிடை’ குறுநாவலைத் தழுவியது. திருவேங்கடம், சங்கரன்கோவில் பக்கத்து வாசகருக்கு இந்தக் கதையின் நிலத்தை விளக்க வேண்டியதில்லை. அதே கரிசல், அதே மானாவாரிப் புஞ்சை. ஆடுகள் யாருடைய புஞ்சையிலோ புகுந்து வெள்ளாமையை அழித்துவிடுகின்றன. கிடை ஆடுகளை அந்த நேரம் யார் பார்த்துக்கொண்டிருந்தது என்று தடம் பிடித்துப் போனால், ஒடுக்கப்பட்ட சாதிப் பெண் செவனிக்கும் மேல்சாதி எல்லப்பனுக்கும் உள்ள உறவு வெளியே வருகிறது. அழிந்த பயிருக்கு ஊர் கணக்குப் பார்க்கிறது. அவள் இழப்பு எந்தக் கணக்கிலும் வருவதில்லை. இதைப் படமாக்கப் பெரிய நட்சத்திரம் எவரையும் அவர் நாடவில்லை. கி.ரா.வின் எழுத்தைத் தொட்ட படங்களே குறைவு என்பதால், இது இன்னும் பரவலாகப் பேசப்பட்டிருக்க வேண்டிய படம்.

அடுத்த கதைப்படத்துக்குப் பதினான்கு ஆண்டுகள் ஆயின. இடையில் ஆவணப்படங்கள் நிற்கவில்லை. இளவயதிலேயே 1975இல் மறைந்த ஈழத்துத் தவில் மேதை யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தியைப் பற்றிய படம், 63ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் கலை, பண்பாட்டுப் பிரிவில் சிறந்த படமாகத் தேர்வானது. கச்சேரி மேடையில் நாகஸ்வரத்துக்குப் பக்கத்துணையாகவே எண்ணப்பட்ட வாத்தியத்துக்கு ஒரு முழுப் படம் என்பதே சிறப்புதான்.

‘மனுசங்கடா’ (2017) அன்றைய நாகை மாவட்டம் திருநாள்கொண்டச்சேரியில் 2016 ஜனவரியில் நடந்ததை அடியொற்றியது. பொதுவழியே தலித் முதியவரின் உடலைக் கொண்டுபோக உயர்நீதிமன்றம் உத்தரவிட்டும், போலீசாரே உடலை வேறு வழியாக எடுத்துச் சென்ற சம்பவம் அது. படத்தின் நாயகன் கோலப்பன் சென்னையில் வேலை பார்ப்பவன். அப்பா செத்த சேதி கேட்டு ஊருக்கு ஓடுகிறான். பிறகு ஒப்பாரிக்கு நடுவே வக்கீல், மனு, அதிகாரிகளின் சமாதானப் பேச்சு என்று அலைச்சல்தான். அழக்கூட அவனுக்கு அவகாசம் கிடைப்பதில்லை. செய்திப்படம் எடுப்பவரின் கண்ணோடு கேமரா அவன் பின்னாலேயே போகிறது. ஆவணப்படத்தில் பழகிய கை அங்கே தெரிகிறது. சில துணைப் பாத்திரங்களின் நடிப்பு விறைப்பாக இருப்பது உண்மை. ஆனாலும் கெஞ்சலும் மிரட்டலும் மாறி மாறி வரும் பேச்சுவார்த்தைக் காட்சிகளுக்கு இணையாகத் தமிழில் அதிகம் சொல்ல முடியாது. கவிஞர் இன்குலாபின் புகழ்பெற்ற பாடலிலிருந்து தலைப்பு எடுக்கப்பட்டது. கோவா பன்னாட்டுத் திரைப்பட விழாவின் இந்தியன் பனோரமாவில் இடம்பெற்ற இப்படம், 2018 அக்டோபரில் தமிழகத் தியேட்டர்களுக்கு வந்தது.