உபகாரமா, உரிமையா?

ஓய்வு பெற்றவருக்கு அரசாங்கம் அளிக்கும் பென்ஷனை நம் முன்னோர் 'உபகாரச் சம்பளம்' என்றனர். வழக்கு முழுவதும் அச்சொல்லிலேயே அடங்கியிருக்கிறது. உபகாரமாயின், கொடுத்த கை குறைக்கவும் செய்யலாம், கேட்பாரில்லை. 1871ஆம் ஆண்டுப் பென்ஷன் சட்டமும் இவ்வழக்குகளுக்குச் சிவில் நீதிமன்றத்தின் கதவைப் பெரும்பாலும் அடைத்தே வைத்தது.

பீகார் கல்விப் பணியிலிருந்த தேவகிநந்தன் பிரசாத்துக்கு, நெடுங்காலம் பணிக்கு வரவில்லையென்று காரணம் கூறிப் பென்ஷனையே மறுத்தனர். அவர் உச்ச நீதிமன்றம் சென்றார். பென்ஷன் அரசின் தயவன்று, ஊழியரின் சொத்து என 1971இல் தீர்ப்பாயிற்று.

முழுவதும் மறுப்பது தவறு, சிறிது குறைத்தால்? அடுத்த ஆண்டே பஞ்சாப் வழக்கொன்றில் இதற்கும் விடை வந்தது. குறைப்பதற்கு முன்னரும் அவர் தம் நியாயத்தைச் சொல்ல வாய்ப்பளித்தாக வேண்டும். குற்றம் மெய்ப்பிக்கப்பட்டால் விதிப்படி குறைக்கலாம். அதை நான் மறுக்கவில்லை. ஆனால், விதியே இல்லாமல் வெறும் நிர்வாக உத்தரவால் பிடித்து வைக்கலாகாது என்று 2013இல் ஜார்க்கண்ட் வழக்கிலும் அந்நீதிமன்றம் கூறிற்று.