கொரட்டூர் ஏரிக்கு இப்போது யார் பொறுப்பு?



ஆவடி செல்லும் புறநகர் ரயிலில் கொரட்டூர் நிலையத்தைத் தாண்டியதும் வலப்பக்கம் பாருங்கள். தண்டவாளத்துக்கு வடக்கே பல நூறு ஏக்கருக்குப் பரந்து கிடப்பதுதான் கொரட்டூர் ஏரி. நம்மில் பலர் தினமும் அதைக் கடந்து வேலைக்குப் போகிறோம். அது யாருக்காக உருவானது, யார் அதைக் காத்தார்கள், இன்று அந்தப் பொறுப்பு யாரிடம் இருக்கிறது என்பதை இந்த இதழில் பார்ப்போம்.

சங்கிலியில் ஒரு கண்ணி

கொரட்டூர் ஏரி தனி ஏரி அல்ல. அம்பத்தூர் ஏரி நிரம்பினால் உபரி நீர் கொரட்டூர் ஏரிக்கு வரும். அது நிரம்பினால் மாதவரம் ரெட்டேரிக்குப் போகும். நம் பகுதி நிலம் கடலை நோக்கி மிக மெதுவாகச் சரிகிறது. அணை கட்டிப் பெரும் ஆழத்தில் நீரைத் தேக்க இங்கே மலையோ பள்ளத்தாக்கோ கிடையாது. அதனால் நம் முன்னோர் சரிவின் தாழ்ந்த பக்கம் மட்டும் மண் கரை எழுப்பி, மேட்டுப் பக்கத்தைத் திறந்து விட்டார்கள். மழைநீர் தானே வந்து கரையில் தங்கியது. இப்படி அமைந்த ஏரிகள் அகலம் அதிகமாகவும் ஆழம் குறைவாகவும் இருக்கும்.

வடகிழக்குப் பருவமழையில் நிரம்பி, மடை வழியாக நெல் வயலுக்குப் பாய்ந்து, கோடையில் வற்றுவது இத்தகைய ஏரியின் இயல்பு. வற்றிய ஏரியில் படிந்த வண்டலை வண்டியில் அள்ளி வயலுக்கு உரமாக இட்டார்கள். வயலுக்கு எரு கிடைத்தது, ஏரிக்குத் தூர் வாரியது போலவும் ஆயிற்று. கரை உடையாமலிருக்க, மிகையான நீர் கலங்கல் வழியாக அடுத்த ஏரிக்குப் போனது. பழைய செங்கல்பட்டு மாவட்டத்துக்கு ஏரி மாவட்டம் என்ற பெயரே உண்டு. நம் கொரட்டூரும் அந்த மாவட்டத்தில் இருந்த ஒரு சிறு கிராமம்தான்.

வாரியமும் மானியமும்

அதே மாவட்டத்தின் உத்திரமேரூரில், முதலாம் பராந்தக சோழன் காலத்து 919, 921ஆம் ஆண்டுக் கல்வெட்டுகள் ஊராட்சி நடந்த முறையைச் சொல்கின்றன. குடவோலை முறையில் தேர்ந்தெடுத்த வாரியங்களில் ஏரி வாரியமும் ஒன்று. பதவிக்காலம் ஓர் ஆண்டு. முன்பு பதவியில் இருந்து கணக்குக் காட்டாதவர் மீண்டும் வர முடியாது. அவருடைய நெருங்கிய உறவினரும் வர முடியாது. நிலமும் கல்வியும் உள்ளவர்களுக்கு மட்டுமே அந்தச் சபையில் இடமிருந்தது என்பதையும் மறக்கக் கூடாது. ஆனாலும் ஏரிக்கென்று ஒரு குழுவும், அந்தக் குழுவுக்குக் கணக்குப் பொறுப்பும் இருந்தன.

1763இல் ஆற்காட்டு நவாபிடமிருந்து இந்தப் பகுதி ஜாகீராகக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு வந்தது. 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்ட் என்ற பொறியாளர் ஏறத்தாழ இரண்டாயிரம் ஊர்களை அளந்து கணக்கெடுத்தார். களத்து மேட்டில் நெல்லைப் பிரிக்கும்போதே ஏரிப் பராமரிப்புக்கு ஒரு பங்கு ஒதுக்கப்பட்டதை அந்தக் காலக் கணக்குகள் காட்டுகின்றன. மராமத்துச் செலவு ஊரின் விளைச்சலிலிருந்தே வந்தது.

கம்பெனியின் வரி வசூல் முறை இறுகியபோது இந்தப் பங்குகளும் மானியங்களும் சுருங்கின. பராமரிப்பு மெல்ல அரசுத் துறையின் வேலையாயிற்று. கரை உடையும் ஆபத்து வந்தால் ஊர் மக்கள் உழைத்தே ஆக வேண்டும் என்று 1858இல் ஒரு சட்டமே கொண்டுவந்தார்கள். தன் வயலுக்காக மனமுவந்து செய்த வேலைக்குச் சட்டத்தின் கட்டாயம் தேவைப்பட்டது என்றால், உறவு எங்கே அறுந்தது என்று நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

வயல் மனையான கதை

ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856 ஜூலை 1ஆம் தேதி ஓடியது. அந்தத் தடம் நம் ஊர்களின் ஊடே போகிறது. ரயில் வந்தும் ஒரு நூற்றாண்டுக் காலம் இங்கே வயல்கள் இருந்தன. சுதந்திரத்துக்குப் பிறகு வேகம் கூடியது. 1949இல் அம்பத்தூரில் டி.ஐ. சைக்கிள் தொழிற்சாலை வந்தது. 1960களில் ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலையும், அம்பத்தூரில் தொழிற்பேட்டையும் வந்தன. வேலை வந்தது, வேலைக்கு வந்தவர்களுக்கு வீடு வேண்டியிருந்தது. வயல்கள் மனைகளாயின. சில இடங்களில் ஏரியே மனையாயிற்று. முகப்பேரில் 'ஏரி ஸ்கீம்' என்று இன்றும் முகவரியில் எழுதுகிறோமே, அந்தப் பெயரே சாட்சி.

கொரட்டூர் ஏரி அப்படி மறையவில்லை. ஆனால் அதன் நீரை எதிர்பார்க்கும் வயல் இல்லாமல் போனது. மடையைத் திறக்கச் சொல்ல ஆளில்லை. வண்டல் அள்ள ஆளில்லை. மழைநீருக்காக அமைந்த வரத்துக் கால்வாய்களில் கழிவுநீர் வந்தது. தொழிற்பேட்டைப் பக்கத்திலிருந்தும் குடியிருப்புகளிலிருந்தும் கழிவு கலப்பதை எதிர்த்துப் பகுதி மக்கள் தேசிய பசுமைத் தீர்ப்பாயம் வரை போனார்கள். 2011இல் அம்பத்தூர் நகராட்சி சென்னை மாநகராட்சியில் இணைந்தது. இப்போது ஏரி ஒரு துறையிடம், வடிகால் வேறொன்றிடம், பாதாளச் சாக்கடை மற்றொன்றிடம்.

நமக்கென்ன?

2015 டிசம்பரில் நம் தெருக்களில் நின்ற தண்ணீரையும், 2019 கோடையில் லாரிக்காகக் காத்திருந்ததையும் நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். இரண்டுக்கும் இந்த ஏரிச் சங்கிலியோடு தொடர்பு உண்டு. கால்வாய் அடைத்தால் உபரி நீர் தெருவுக்கு வரும். ஏரி தூர்ந்தால் நிலத்தடி நீர் ஊறுவது குறையும். நெல் போனாலும் ஆயக்கட்டு போய்விடவில்லை. அன்று வயலுக்குப் பாய்ந்த நீரை இன்று நாம் ஆழ்துளைக் கிணறு வழியாக எடுக்கிறோம். ஆகவே ஏரியின் இன்றைய ஆயக்கட்டுதாரர்கள் நாம்தான்.

அடுத்த மழைக்கு முன்பு, செப்டம்பருக்குள் நாம் செய்யக்கூடியவை மூன்று. ஒன்று, நம் வளாகத்துக் கழிவுநீர்க் குழாய் எங்கே போய்ச் சேர்கிறது என்று பிளம்பரை வைத்துப் பார்ப்பது. அது மழைநீர் வடிகாலில் சேர்ந்தால் உடனே மாற்றுவது. இரண்டு, 2003இல் கட்டாயமாக்கப்பட்ட மழைநீர் சேகரிப்புத் தொட்டிகளில் மணலையும் ஜல்லியையும் கழுவிப் போடுவது. மூன்று, கால்வாய் அடைப்பைப் படம் எடுத்து மாநகராட்சிக்கு எழுத்தில் புகார் கொடுத்து, புகார் எண்ணைச் சங்க அலுவலகத்தில் பதிவு செய்வது.

சங்கத்தின் அடுத்த பொதுக்குழுவில் இந்த மூன்றுக்கும் கணக்குக் கேளுங்கள். ஏரி வாரியத்திடம் ஊர் கேட்டதும் அதைத்தான்.