எ லிட்டரேச்சர் ஆஃப் தேர் ஓன்

எ லிட்டரேச்சர் ஆஃப் தேர் ஓன் (அவர்களுக்கென்று ஓர் இலக்கியம்) என்பது அமெரிக்கத் திறனாய்வாளர் எலேன் ஷோவால்டர் எழுதிய இலக்கியத் திறனாய்வு நூல் ஆகும். பிராண்டே முதல் டோரிஸ் லெஸ்ஸிங் வரையிலான பிரித்தானியப் பெண் புதின எழுத்தாளர்களை ஆராயும் இந்நூல் 1977 இல் வெளிவந்தது. பெண்ணியத் திறனாய்வின் முன்னோடி நூல்களுள் ஒன்றாக இது கருதப்படுகிறது.

பின்னணி

ஆங்கிலப் புதின வரலாறு ஜேன் ஆஸ்டின், பிராண்டே சகோதரிகள், ஜார்ஜ் எலியட், வர்ஜீனியா வூல்ஃப் ஆகிய சிலரையே முதன்மைப்படுத்தியது. ஏனையோர் மறக்கப்பட்டதால், ஒவ்வொரு தலைமுறைப் பெண் எழுத்தாளரும் முன்னோடிகளை அறியாமல் புதிதாகத் தொடங்க நேர்ந்தது என்பது ஷோவால்டரின் வாதம். மேரி எலிசபெத் பிராடன், சாரா கிராண்ட் போன்றோரையும் ஆராய்ந்து, அறுபட்ட அத்தொடர்ச்சியை இந்நூல் மீட்க முயல்கிறது.

மூன்று கட்டங்கள்

* பெண்மைக் கட்டம் (1840–1880): ஆண்களின் இலக்கிய மரபைப் பின்பற்றிய காலம். ஆண் புனைபெயர்கள் பரவலாயின. சார்லட் பிராண்டேயின் ஜேன் அயர் (1847) கரர் பெல் என்ற பெயரில் வெளிவந்தது.
* பெண்ணியக் கட்டம் (1880–1920): அம்மரபை எதிர்த்து உரிமை கோரிய காலம்.
* பெண் கட்டம் (1920 முதல்): பின்பற்றுதல், எதிர்த்தல் இரண்டையும் கடந்து, பெண்கள் தம் அனுபவத்தையே படைப்பின் ஊற்றாகக் கொண்ட காலம்.

விமர்சனங்கள்

படைப்பாளியின் மனம் இருபால் தன்மை உடையது என்ற வூல்ஃபின் கருத்து, பெண்ணாக இருப்பதன் வலியையும் சினத்தையும் தவிர்க்கும் வழியே என ஷோவால்டர் குறை கூறினார். டொரில் மோய் 1985 இல் இதனை மறுத்து, வூல்ஃபின் எழுத்துநடையிலுள்ள புரட்சித் தன்மையை ஷோவால்டர் காணத் தவறியதாக வாதிட்டார். நூலின் விரிவாக்கப்பட்ட பதிப்பு 1999 இல் வெளியானது.