'முதல்' என்ற அடைமொழிக்குப் பின்னால்: டி. பி. ராஜலட்சுமியின் இயக்கப் பணி

தமிழ்த் திரை வரலாறுகளில் டி. பி. ராஜலட்சுமியின் பெயரோடு 'முதல்' என்ற சொல் இருமுறை ஒட்டிக்கொண்டு வரும். 1931 அக்டோபர் 31இல் வெளியான 'காளிதாஸ்' வழியாக முதல் பேசும்பட நாயகி; 1936இல் 'மிஸ் கமலா' வழியாகத் தமிழின் முதல் பெண் இயக்குநர். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட ஐந்து ஆண்டுகளைப் பற்றிப் பேசுவோர் குறைவு. அதனால் 'மிஸ் கமலா' திடீரென நிகழ்ந்த துணிச்சலாகவே தோன்றுகிறது. அப்படி அல்ல என்பது என் வாதம். இயக்குநரின் வேலையில் ஒரு பங்கு 1931 முதலே அவர் கையில் இருந்திருக்க வேண்டும்.

'காளிதாஸ்' பம்பாயில் இம்பீரியல் நிறுவனத்தின் தளத்தில் எடுக்கப்பட்டது. இயக்கியவர் எச். எம். ரெட்டி, தெலுங்கர். நாயகி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்ன படம் அது. காளிதாசன் கதையில் ராட்டினத்துக்கு என்ன வேலை? ஆனாலும் ராட்டினத்தைப் புகழும் மதுரகவி பாஸ்கரதாஸின் தேசியப் பாடல் அதில் ஒலித்தது. நாடக மேடையில் கைதட்டல் பெற்றதை நடிகை அப்படியே திரைக்குக் கொண்டுவந்தார் என்றுதான் இதைக் கொள்ள முடிகிறது. எந்தப் பாட்டு எடுபடும், எந்த வசனத்தை எப்படிச் சொன்னால் கொட்டகை அடங்கும் என்பது சங்கரதாஸ் சுவாமிகள் காலத்து மேடையில் பழகியவருக்குத் தெரியும். பம்பாய்த் தளத்தில் இருந்த மற்றவர்களுக்குத் தெரிய வழியில்லை.

சென்னைக்குச் சொந்தமாகப் பேசும்பட ஸ்டூடியோ வாய்த்தது 1934இல், ஏ. நாராயணனின் ஸ்ரீனிவாஸா சினிடோன் மூலமாக. அதுவரை தமிழ்ப் படம் என்றால் நாடகக் குழு ரயிலேறி வெளியூர் போய், மொழி தெரியாத கலைஞர்கள் நடுவே நடித்துவிட்டு வருவதுதான். ராஜலட்சுமி நடித்த 'வள்ளி திருமணம்' (1933) கல்கத்தாவில் உருவானது. 1936இல்கூடத் தமிழே அறியாத அமெரிக்கர் எல்லிஸ் ஆர். டங்கன் 'சதி லீலாவதி'யை இயக்கினார். அதைக் கண்டு யாரும் வியக்கவில்லை. தமிழறிந்த, மேடையறிந்த ஒரு பெண் அதே ஆண்டில் இயக்கியதற்கு மட்டும் வியக்கிறோம். கதை அவரே எழுதிய 'கமலவல்லி' நாவல், தயாரிப்பும் அவருடையதே.

இதே தலைமுறையில் ஜெர்மனியில் லெனி ரீஃபன்ஷ்டால் நடிகையாக இருந்து இயக்குநரானார். ஆர்னால்ட் ஃபாங்கின் மலைப் படங்களில் நடித்துப் பெயர் பெற்றவர், சொந்த நிறுவனம் தொடங்கி 1932இல் 'நீல ஒளி'யை எடுத்தார். இதுவரை இருவர் பாதையும் ஒன்றுபோலவே தெரியும். பிரிவது அடுத்த படியில்தான். 1933க்குப் பிறகு ரீஃபன்ஷ்டாலுக்கு நாஜி ஆட்சியின் ஆதரவு கிடைத்தது. நியூரம்பெர்க் கட்சி மாநாட்டுப் படம் 1935இலும், 'ஒலிம்பியா' 1938இலும் வந்தன. 'நீல ஒளி' 1938இல் மறுபடி வெளியானபோது, திரைக்கதையில் பங்கேற்ற யூதரான பேலா பாலாஜின் பெயர் நீக்கப்பட்டிருந்தது. தான் வெறும் கலைஞர் என்று ரீஃபன்ஷ்டால் பிற்காலத்தில் சொல்லிக்கொண்டதை எடைபோட இந்த ஒரு நீக்கமே போதும்.

ராஜலட்சுமிக்குப் பின்னால் அரசு இல்லை. 'மதுரை வீரன்' எடுத்தார். அதற்குமேல் இயக்குநராகத் தொடரவில்லை. இதைத் திறமைக் குறைவாகவோ பெண்ணுக்கு வாய்த்த விதியாகவோ பார்ப்பது எளிது. சொந்தப் பணத்தில் படம் எடுத்தவர் ஒரு படத்தின் நட்டத்தை அடுத்த படத்தில் ஈடுகட்ட வேண்டும் என்ற கணக்கைப் பார்த்தால் வேறு விளக்கம் தேவைப்படாது. அதே கணக்குக்கு எத்தனையோ ஆண் முதலாளிகளும் பலியானார்கள்.

'மிஸ் கமலா'வின் படச்சுருள் இன்று இல்லை. 'காளிதாஸ்' படமும் இல்லை. ஜெர்மன் அரசு தன் திரைப்படக் காப்பகத்தை 1935இல் திறந்தது, 'மிஸ் கமலா'வுக்கு ஓராண்டு முன்பு. இந்தியாவின் தேசியத் திரைப்படக் காப்பகம் புணேயில் தொடங்கியது 1964இல். ராஜலட்சுமி மறைந்ததும் அதே ஆண்டில்தான்.