பாண்டவர் இல்லாத பாரதம்

கோயன் சகோதரர்கள் 2000-ல் எடுத்த 'ஓ பிரதர், வேர் ஆர்ட் தௌ?' படம் பார்த்திருக்கிறீர்களா? ஹோமரின் ஒடிசி காவியத்தைத் தூக்கிக்கொண்டு போய் 1937-ம் வருட மிசிசிப்பியில் இறக்கிவிட்ட காமெடி. கிரேக்க வீரன் அதில் ஜெயிலில் இருந்து தப்பிய கைதி. ஒற்றைக்கண் அரக்கன், பைபிள் விற்கும் ஆசாமி. ஊரில் பெண்டாட்டி பென்னி வேறு ஒருத்தனைக் கட்டிக்கொள்ளத் தயாராக நிற்கிறாள். பார்த்து முடித்ததும் எனக்கு ஞாபகம் வந்தது நம்ம 'மாயாபஜார்'தான். அங்கேயும் தப்பான மாப்பிள்ளையோடு நடக்க இருக்கும் ஒரு கல்யாணம்தானே கதை!

விஜயா நிறுவனத்துக்காக கே.வி.ரெட்டி இயக்கிய படம். 1957 மார்ச்சில் தெலுங்கிலும் ஏப்ரலில் தமிழிலும் வந்தது. தமிழில் அபிமன்யு ஜெமினி கணேசன், வத்சலா சாவித்திரி, கிருஷ்ணர் என்.டி.ராமராவ், கடோத்கசன் ரங்காராவ். மகாபாரதப் படம்தான், ஆனால் பஞ்ச பாண்டவர்களில் ஒருவர்கூடத் திரையில் தலைகாட்ட மாட்டார்கள். மகன் கல்யாணத்துக்கு அர்ஜுனனே வருவதில்லை. இதைக் கவனிக்காமலே மூன்று மணி நேரம் உட்கார்ந்து சிரித்துவிட்டு வந்தவர்கள் எத்தனை பேரோ!

இந்தக் கதையை வியாசரிடம் தேடினால் கிடைக்காது. அவர் அபிமன்யுவுக்குக் கட்டி வைத்தது விராட மன்னன் மகள் உத்தரையை. பலராமனுக்கு வத்சலா என்ற மகள் இருந்தாள் என்பதெல்லாம் மக்கள் சேர்த்தது. ஆந்திராவில் அவள் பெயர் சசிரேகா, மராத்தியில் சுரேகா. பாபுராவ் பெயின்டர் 1921-லேயே 'சுரேகா ஹரண்' என்று ஊமைப்படம் எடுத்துவிட்டார். தமிழில் சங்கரதாஸ் சுவாமிகளின் 'அபிமன்யு சுந்தரி' நாடகம் மேடைகளில் நடந்தது. 1948-ல் ஜுபிடர் பிக்சர்ஸின் 'அபிமன்யு' வந்தது. அல்லி அரசாணி, பவளக்கொடி மாதிரி இதுவும் பாரதத்தின் ஓரத்தில் நம்மவர்கள் கட்டிய சாய்ப்பு.

எங்கே கட்டினார்கள் என்பதுதான் சுவாரசியம். பாண்டவர்கள் சூதில் தோற்றுக் காட்டுக்குப் போன காலத்தில் சுபத்திரையும் பிள்ளையும் துவாரகையில் இருந்ததாக வியாசர் சொல்கிறார். அந்த வருஷங்களில் அந்த வீட்டுக்குள் என்ன நடந்தது என்று அவர் விஸ்தாரமாகச் சொல்லவில்லை. நம் ஜனங்கள் அந்த இடைவெளியில் புகுந்துகொண்டார்கள். அண்ணன் வீட்டில் வந்து ஒண்டியிருக்கும் தங்கை. அண்ணனுக்கு வயதுக்கு வந்த பெண், தங்கைக்கு வயதுக்கு வந்த பையன். மாமன் மகள், முறைப்பெண்! சின்ன வயசிலேயே 'என் பெண் உன் பையனுக்குத்தான்' என்று வாக்குக் கொடுத்த அண்ணன், தங்கை குடும்பம் நொடித்ததும் மனசு மாறுகிறான். துரியோதனன் மகன் லட்சுமணன் பெயரில் பெரிய இடத்துச் சம்பந்தம் வருகிறது. அண்ணி ரேவதி பிடித்த பிடியில் நிற்கிறாள். காமர்ஸ் பாஷையில் சொன்னால், பாண்டவர்களின் குட்வில்லை ஒரே நாளில் ரைட் ஆஃப் செய்துவிட்டார்கள். மாமன் மகளைக் கட்டும் வழக்கம் உள்ள தெற்கத்தி வீடுகளில் இதைவிடப் பெரிய தாயாதிச் சண்டை ஏது? குருக்ஷேத்திரம் எல்லாம் அப்புறம்தான். என் அபிப்பிராயத்தில் இந்தக் கதை இங்கே இத்தனை காலம் ஓடியதற்குக் காரணம் மாயமந்திரம் இல்லை, இந்த வயிற்றெரிச்சல்தான்.

ஆனால் படத்தில் யாரும் மூக்கைச் சிந்துவதில்லை. கடோத்கசன் தூங்கும் வத்சலாவைக் கட்டிலோடு தூக்கிவந்துவிட்டு, அவள் உருவத்தில் தானே மணப்பெண்ணாகப் போய் உட்கார்கிறான். அதாவது, ரங்காராவ் பெண் வேஷம் போட்டால் எப்படி இருக்குமோ அப்படி சாவித்திரி நடிக்க வேண்டும்! நடை, உறுமல், மீசையை முறுக்கப் போய் சட்டென்று நிறுத்துகிற மாதிரியான மிடுக்கு என்று அந்தம்மா அடித்த லூட்டியை இன்றைக்கும் யாராலும் தொட முடியாது. மாப்பிள்ளை லட்சுமணனாக தங்கவேலு. மணமேடையில் கல்யாணப்பெண் அவர் காலை மிதிக்கிற மிதியில் தியேட்டரே குலுங்கியிருக்கும். விருந்து முழுவதையும் கடோத்கசன் ஒண்டியாகக் காலி செய்யும் பாட்டை திருச்சி லோகநாதன் பாடினார். எங்கள் ஊட்டிப் பக்கம் கல்யாண மண்டபங்களில் பந்தி நேரத்தில் இன்னமும் அது கேட்கிறது. (படகுப் பாட்டு என்றதும் எங்கள் ஏரிக்குக் கிளம்பி வந்த படங்கள் ஏராளம். இவர்கள் மெனக்கெடவில்லை. மார்க்கஸ் பார்ட்லி தன் கேமராவிலேயே நிலாவை வரவழைத்துவிட்டார்.) கடைசியில் சகுனி ஒரு மாயப் பெட்டியின்மேல் ஏறி நிற்கிறார். ஏறினவர்கள் உண்மையைக் கக்கிவிடுவார்கள். பெண் கேட்டு வந்ததே யாதவர்களைத் தங்கள் பக்கம் வளைத்துப்போடத்தான் என்று அவர் வாயாலேயே வந்துவிடுகிறது. வரதட்சணை பேச உட்காரும் இடங்களில் அப்படி ஒரு பெட்டி இருந்தால்!

புராணத்தைக் கேலி செய்யலாமா என்று கேட்பவர்கள் உண்டு. தெருக்கூத்தில் கட்டியங்காரன் துரியோதனனைப் பக்கத்தில் நின்றே நக்கல் அடிப்பதை விடிய விடியப் பார்த்த ஊர் இது. அந்த ஜனங்களுக்கு இன்னொன்றும் தெரியும். போரின் பதிமூன்றாம் நாள் லட்சுமணன் அபிமன்யு கையால் சாகிறான். அதே நாளில் அபிமன்யுவும் போய்விடுகிறான், வயது பதினாறு. மறுநாள் இரவு கர்ணனின் சக்தி ஆயுதத்துக்குக் கடோத்கசன். மணமேடையைச் சுற்றிக் கூத்தடித்த மூன்று பேரும் இரண்டே நாளில் காலி. டிக்கெட் வாங்கி வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் இதை அறிந்தேதான் விழுந்து விழுந்து சிரித்திருப்பார்கள். கே.வி.ரெட்டியும் போர்க்களம் பக்கமே போகாமல், கல்யாணத்தை நடத்தி வைத்துவிட்டுப் படத்தை முடித்துவிடுகிறார்.