எருமாடு

எருமாடு என்று ஊர்ப் பெயரைச் சொன்னதுமே எங்கள் வாலாஜாபாத்தில் சிரித்துவிட்டார்கள். "போயும் போயும் எருமை மாட்டுக்கா உன்னை மாற்றல் பண்ணினான்?" என்று கேட்டார் என் மாமா. நீலகிரி மாவட்டம், பந்தலூர் பக்கம், கேரள எல்லையை ஒட்டிய ஊர் என்று விளக்கியும் அவருக்குச் சிரிப்பு அடங்கவில்லை.

முதல் நாள் டீக்கடையில் உட்கார்ந்தேன். பெயர்ப்பலகை தமிழில். கல்லாவில் இருந்தவர் பேசியது மலையாளம், மேசை மேல் கிடந்த பேப்பரும் மலையாளம். என்னிடம் மட்டும் தமிழில், "சார் எவிடே, மெட்ராஸா?" என்றார். ஆமாம், அதுதான் அவருடைய தமிழ்! காஞ்சிபுரத்தில் தறிக்காரர்கள் வீட்டுக்குள் தெலுங்கும் கன்னடமும் கேட்டு வளர்ந்தவன் நான், அதனால் எனக்கு அது பெரிய அதிசயமாகப் படவில்லை. ஆனால் தறிக்காரர்கள் வேறிடத்திலிருந்து நம்மிடம் வந்தவர்கள். எருமாட்டுக்காரர்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். கோடுதான் அவர்களைத் தாண்டி நகர்ந்தது.

கூடலூர், பந்தலூர், எருமாடு எல்லாம் பழைய வயநாட்டின் தென்கிழக்கு மூலை. மலபார் ஜில்லாவில் இருந்த பகுதி. காபித் தோட்டத் துரைமார்கள் அங்கே நிறைந்தபோது, தூரத்துக் கோழிக்கோட்டை விட ஊட்டியிலிருந்து பார்த்துக்கொள்வது சுலபமாக இருந்தது. 1877-ல் நம்பாலக்கோடு, சேரங்கோடு, முனநாடு என்ற மூன்று அம்சங்களை எடுத்து நீலகிரியோடு சேர்த்தார்கள். அன்று அது வெறும் நிர்வாக ஏற்பாடு, எல்லாம் ஒரே மெட்ராஸ் ராஜதானிதானே. 1956 நவம்பர் 1-ல் மொழிவாரி மாநிலம் பிரித்தபோது மலபார் கேரளத்துக்குப் போயிற்று, நீலகிரி சென்னை மாநிலத்தில் நின்றது. எருமாடு நீலகிரியோடு நின்றுவிட்டது.

நடுவில் 1880 வாக்கில் தேவாலா, பந்தலூர் பக்கம் தங்கம் இருக்கிறது என்று லண்டனில் முப்பதுக்கும் மேற்பட்ட கம்பெனிகள் கிளம்பின. சில வருடத்தில் எல்லாம் மூடியாயிற்று. சுரங்கக் குழிகள் இன்னும் கிடக்கின்றன, மழைக்காலத்தில் பார்த்து நடக்க வேண்டும்.

ஊரில் மூத்தவர்கள் பணியர்கள். நிலம் அவர்களுடையதாக இல்லை. மானந்தவாடிக்குப் பக்கத்தில் வள்ளியூர்க்காவு திருவிழாவில், கொஞ்சம் முன்பணம் கொடுத்து ஒரு வருடத்துக்கு அவர்களை அடிமைப்படுத்திக்கொள்ளும் வழக்கம் சுதந்திரத்துக்குப் பிறகும் ஓய சில காலம் பிடித்தது. அடுத்து வயநாடன் செட்டிகள். தங்கள் முன்னோர் கோயம்புத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்தவர்கள் என்று அவர்களே சொல்வார்கள். பிறகு மாப்பிளைமார், திருவிதாங்கூரிலிருந்து ஏறி வந்த கிறிஸ்தவக் குடியானவர்கள். கடைசியாக, 1964 சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பின் இலங்கைத் தோட்டங்களிலிருந்து வந்த நம் தமிழர்கள். பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களில் தமிழ்ச் சத்தம் கூடியது அவர்களால்தான்.

நிலமெல்லாம் நிலம்பூர் கோவிலகத்தின் ஜன்மம். அதாவது ராஜா குடும்பத்துக்கு உரிமை, குடியானவன் பாட்டம் கட்டி உழ வேண்டும். 1969-ல் நம் சட்டசபை கூடலூர் ஜன்ம ஒழிப்புச் சட்டம் கொண்டுவந்தது. சுமார் 80,000 ஏக்கர். தோட்டக் கம்பெனிகள் வழக்குப் போட்டன. 1972-ல் சுப்ரீம் கோர்ட் சட்டத்தில் காடுகளை எடுக்கும் பகுதி செல்லாது என்றது. 1974-ல் அரசியல் சட்டத்தின் ஒன்பதாவது அட்டவணையில் அதைச் சேர்த்தார்கள். அந்த அட்டவணைக்குள் போன சட்டத்தையும் கோர்ட் பார்க்கலாமா என்று ஒன்பது நீதிபதிகள் 2007-ல் பார்க்கலாம் என்று சொன்ன தீர்ப்பு இருக்கிறதே, ஐ.ஆர். கொய்லோ வழக்கு, அது இந்த நிலத்திலிருந்து கிளம்பியதுதான். நாடு முழுக்க மரம் வெட்டுவதைக் கட்டுப்படுத்திய வழக்கைப் போட்ட கோதவர்மன் திருமுல்பாடும் அதே நிலம்பூர் கோவிலகத்துக்காரர். டெல்லியில் சட்டக் கல்லூரிப் பிள்ளைகள் மனப்பாடம் செய்கிற இரண்டு வழக்குகளுக்கும் வேர் இந்தக் கூடலூர் மண்ணில்.

மனப்பாடம் செய்கிறவர்களுக்கு சரி. எனக்கு வாடகைக்கு வீடு விட்ட பெரியவரின் தகப்பனார் கோவிலகத்துக்குப் பாட்டம் கட்டிய ரசீதுகளை ஒரு தகரப் பெட்டியில் வைத்திருந்தார். எல்லாம் மலையாள எழுத்து. அவர் நிலம் சட்டத்தின் 17-வது பிரிவில் மாட்டிக்கொண்டது, பட்டா இல்லை. பட்டா இல்லாததால் கரண்ட் கனெக்‌ஷன் இல்லை, மண்ணெண்ணெய் விளக்குதான். பேத்தி பக்கத்துத் தமிழ்ப் பள்ளியில் படித்தாள். ஒரு நாள் மனு ஒன்று எழுதித் தரச் சொன்னார். நான் தமிழில் எழுதினேன், அவள் படித்து மலையாளத்தில் தாத்தாவுக்கு விளக்கினாள். கேட்டுவிட்டு அவர் மலையாளத்தில் கையெழுத்துப் போட்டார்.

நான் மாற்றலாகி வந்தபோதும் பதில் வரவில்லை. வாலாஜாபாத் வந்த பிறகு இரண்டு ஓணத்துக்கு நேந்திரங்காய் வறுவல் பார்சலில் வந்தது. மூன்றாம் வருடம் பேத்தி கடிதம் எழுதியிருந்தாள், தமிழில். தாத்தா தவறிவிட்டாராம். பெட்டி தன்னிடம் இருக்கிறதாம்.