சித்தியின் முதலாளி

தமிழ்த் திரை வரலாற்றில் நடிகைகளைப் பற்றிப் படிக்க நிறைய இருக்கிறது. பணம் போட்டு, கடன் வாங்கி, சம்பளம் கொடுத்த பெண்களைப் பற்றிப் படிக்க அவ்வளவாக இல்லை. டி.பி. ராஜலட்சுமி 1936-இல் தன் நாவலையே 'மிஸ் கமலா' என்ற படமாகத் தயாரித்து இயக்கினார். ஆனால் பெரும்பாலோர் அவரை 1931-இல் வந்த 'காளிதாஸ்' படத்தின் கதாநாயகியாகவே அறிவார்கள். ராதிகாவுக்கும் இதுவே நேர்ந்திருக்கிறது.

1978-இல் 'கிழக்கே போகும் ரயில்' படத்தில் அறிமுகமான ராதிகா, சில ஆண்டுகளிலேயே தயாரிப்பாளரும் ஆனார். பிரதாப் போத்தன் முதன்முதலாக இயக்கிய 'மீண்டும் ஒரு காதல் கதை' அவருடைய தயாரிப்பு. அறிமுக இயக்குநரின் சிறந்த படத்துக்கான தேசிய விருதை அது பெற்றது. கதாநாயகியாக இருந்த காலத்திலேயே புதிய இயக்குநர் ஒருவரை நம்பிப் பணம் போட்டவர் என்பதை நாம் போதிய அளவு பேசவில்லை.

1994-இல் அவர் தொடங்கிய ராடான் டிவி, பின்னர் ராடான் மீடியாவொர்க்ஸ் என்ற பெயரில் பங்குச்சந்தையில் பட்டியலிடப்பட்ட நிறுவனமாக வளர்ந்தது. 1999 டிசம்பரில் சன் டிவியில் 'சித்தி' வந்தது. அண்ணாமலை, செல்வி, அரசி, செல்லமே, வாணி ராணி என்று 2018 வரை இரவுத் தொடர்களில் அவர் இருந்தார்.

அன்று பல தொடர்களுக்குத் தயாரிப்பாளரே சேனலிடம் நேரத்தை விலைக்கு வாங்க வேண்டும். அந்த நேரத்தில் வரும் விளம்பர நொடிகளை அவரே விற்று முதலை எடுக்க வேண்டும். விளம்பரப் பணம் தவணை கழித்து வரும். படப்பிடிப்பு வீட்டு வாடகை, சாப்பாட்டுச் செலவு, லைட்மேன் சம்பளம் எதுவும் அதுவரை காத்திருக்காது. வாரத்துக்கு ஐந்து நாள் ஒளிபரப்பு என்றால் கதையும் நிற்க முடியாது. கேமரா முன் அழுது முடித்த பெண், அடுத்த அறையில் இந்தக் கணக்கையும் பார்க்க வேண்டியிருந்தது. தொடரைப் பார்த்தவர்களுக்கு அந்த அழுகை தெரியும். கணக்கு தெரியாது.

2006-இல் தொடங்கிய இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டத்துக்குப் பிறகு, ஜவ்வாது மலை வீடுகளுக்குள்ளும் இந்தத் தொடர்கள் நுழைந்தன. மாணவிகளோடு புதூர்நாடு போயிருந்தபோது, சாமை புடைத்துக்கொண்டிருந்த ஓர் அம்மாவிடம் தொடர்களைப் பற்றிக் கேட்டேன்.

"வாணியும் ராணியும் ரெண்டும் அந்தம்மாதானே, டீச்சர்" என்றார்.

அந்தத் தொடரை எடுத்த கம்பெனியும் அவருடையதுதான் என்றேன். முறத்தைக் கீழே வைத்தார்.

"அப்ப கையெழுத்துப் போடறதும் அவங்கதானா?"

நான் தலையாட்டியதும், தான் களையெடுத்துக் கதிர் அறுக்கும் நிலம் மாமனார் பேரில் இருப்பதைச் சொன்னார். தயாரிப்பாளர் என்றால் யார் என்பதை வகுப்பில் நான் ஒரு மணி நேரம் விளக்கியதுண்டு. அவருக்கு அது ஒரே கேள்வியில் புரிந்துவிட்டது. வேலை செய்பவள் ஒருத்தி, கையெழுத்துப் போடுபவர் வேறொருவர் என்ற ஏற்பாட்டை அவர் தினமும் பார்க்கிறார்.

முதலாளி பெண்ணாகிவிட்டால் கதை பெண்ணியமாகிவிடும் என்று நான் சொல்லவில்லை. ராடான் தொடர்களிலும் பொறுத்துப்போகும் மருமகள்கள் உண்டு, குடும்பத்தைக் கெடுக்கும் வில்லிகள் உண்டு. விளம்பரதாரருக்குப் பிடித்த கதை அது. பெண்ணின் தியாகத்தைப் பெண்ணே விற்றாள் என்று நாம் விமர்சிக்கலாம், விமர்சிக்கவும் வேண்டும். ஆனால் அவரை வெறும் நடிகையாக வைத்துக்கொண்டு அந்த விமர்சனத்தைச் செய்ய முடியாது. முடிவெடுத்தவர் என்று ஒப்புக்கொண்டால்தான் அந்த முடிவுகளைப் பற்றிக் கேள்வி கேட்க முடியும். பாராட்டுக்கும் இதுவே பொருந்தும். நாற்பது வயதைத் தாண்டிய பெண்ணுக்குச் சினிமா அம்மா வேடத்தை நீட்டிக்கொண்டிருந்தபோது, வக்கீலாகவும் இல்லத்தரசியாகவும் ஒரே தொடரின் இரு மையப் பாத்திரங்களை அவர் ஏற்க முடிந்தது. தொடர் அவருடையதாக இருந்ததும் அதற்கு ஒரு காரணம்.

இப்போது என் மாணவிகளுக்கு ஒரு சின்ன வேலை கொடுக்கிறேன். எந்தத் தொடரைப் பார்த்தாலும் தயாரிப்பு, கதை, வசனம், இயக்கம் என்று ஓடும் பெயர்களை எழுதிவர வேண்டும். அவற்றில் பெண்கள் எத்தனை பேர் என்று எண்ண வேண்டும். கூடவே, அவரவர் வீட்டு நிலப் பட்டா யார் பேரில் இருக்கிறது என்றும் கேட்டுவர வேண்டும்.